வாழ்ந்ததெல்லாம் போனில் இருக்கிறது, எனக்குள் இல்லையே?

கயல், பள்ளிக்கரணை:
1977 நவம்பரில் நாகப்பட்டினத்தைப் புயல் அடித்தபோது அம்மா சின்னப் பெண். ஓடு பறந்தது, அத்தை ஆட்டுக்குட்டியை முந்தானைக்குள் பொத்திக்கொண்டு பின்கட்டில் உட்கார்ந்திருந்தது, எல்லாவற்றையும் நேற்று நடந்ததுபோலச் சொல்வார். 2023 டிசம்பரில் மிக்ஜாம் வந்தபோது எங்கள் தெருவில் இடுப்பளவு தண்ணீர். நானும் வீட்டில்தான் இருந்தேன். ஆனால் யோசித்தால் நான் எடுத்த வீடியோக்கள்தான் வருகின்றன. பயந்தேனா, என்ன சாப்பிட்டேன், ஒன்றும் ஞாபகமில்லை. தண்ணீர் வடிந்ததும் ஆபீஸ், அடுத்த ரிலீஸ் என்று ஓடியாயிற்று. இப்போது போன வாரம் என்ன செய்தேன் என்பதற்கே காலண்டரைத் திறக்கிறேன். போன் தொலைந்தால் நானும் தொலைந்துவிடுவேனோ என்று நிஜமாகவே கவலையாக இருக்கிறது.

சிவா:
படமெடுத்ததே ஒரு காரணமாக இருக்கலாம். லிண்டா ஹெங்கல் என்ற உளவியலாளர் மாணவர்களை அருங்காட்சியகத்துக்கு அழைத்துப்போய், சில பொருட்களைப் பார்க்க மட்டும், சிலவற்றைப் படமெடுக்கவும் சொன்னார். மறுநாள் கேட்டால், படமெடுத்தவைதான் குறைவாக ஞாபகம் இருந்தன. 2014இல் வெளியான ஆய்வு. ஆனால் ஒரு பகுதியை மட்டும் ஜூம் செய்து எடுத்தபோது அந்த இழப்பு இல்லை.

ரஹீம்:
ஹென்றி மொலைசனைப் பற்றிப் படித்துப் பாருங்கள். வலிப்புக்காக 1953இல் மூளையில் அறுவை சிகிச்சை செய்தார்கள். அப்புறம் 2008இல் இறக்கும்வரை புதிதாக நடந்த எதுவும் அநேகமாக அவர் நினைவில் தங்கவில்லை. கண்ணாடியில் பார்த்து நட்சத்திரம் வரையும் பயிற்சி கொடுத்தார்கள். நாளுக்கு நாள் கை தேறியது, முன்பு வரைந்ததே அவருக்குத் தெரியாது! அப்படியும் அவருடைய சாந்த குணமும் குறுக்கெழுத்து ஆசையும் போகவில்லை. போன் தொலைந்தாலும் கயல் கயல்தான்.

சாந்தி:
கயல், உங்கள் அம்மா அந்தக் கதையை ஒவ்வொரு ஐப்பசி மழைக்கும் சொல்லியிருப்பார் இல்லையா? சொல்லச் சொல்லத்தான் தங்கும். (கொஞ்சம் மாறவும் செய்யும்.) மிக்ஜாமைப் பற்றி நீங்கள் யாரிடமாவது உட்கார்ந்து சொன்னதுண்டா? குரூப்பில் வீடியோ போட்டதோடு சரியா?

கயல்:
சொன்னதே இல்லை அக்கா. நேற்று தம்பியிடம் பேச்சை ஆரம்பித்தேன். மாடி வீட்டு ஆயா எலுமிச்சை சாதம் கொடுத்ததை அவன் சொன்னான்; ஊறுகாய் இல்லையே என்று அவர் வருத்தப்பட்டது உடனே எனக்கு வந்துவிட்டது. அது எந்த வீடியோவிலும் இல்லை. கேஸ் சிலிண்டரைக் கட்டில்மேல் தூக்கி வைத்தது மட்டும் தான்தான் என்கிறான் அவன். நான் நான்தான் என்கிறேன். அம்மாவும் அன்று கூட இருந்தார், ஞாயிற்றுக்கிழமை வருகிறார், கேட்க வேண்டும்.