பக்கெட்டில் கிளவுட்ரெயிலுக்கு மட்டும் அனுமதி, அது போதாதா?

கொக்குவிலான்:
வணக்கம். யாழ்ப்பாணத்தில் ஒரு சின்ன சொஃப்ட்வெயர் நிறுவனத்தில் வேலை செய்கிறேன், கனடாவில் உள்ள வாடிக்கையாளர் ஒருவரின் ஏடபிள்யூஎஸ் (அமேசனின் கிளவுட் சேவை) கணக்கைப் பார்ப்பது என் பொறுப்பு. கணக்கில் ஆர் என்ன செய்தார் என்று குறித்து வைக்கும் கிளவுட்ரெயில் சேவையின் பதிவுகள் எல்லாம் ஒரு எஸ்3 பக்கெட்டுக்கு, அதாவது கோப்புகள் வைக்கும் சேமிப்பிடத்துக்குப் போகின்றன. பக்கெட்டின் அனுமதி விதியான பக்கெட் பொலிசியில், அனுமதி ஆருக்கு என்று சொல்லும் பிரின்சிபல் இடத்தில் கிளவுட்ரெயில் சேவையின் பெயர் மட்டும்தான், ரிசோர்ஸில் முழு பக்கெட்டுக்கும் நட்சத்திரக் குறி, கண்டிஷன் எதுவும் இல்லை. வாடிக்கையாளரின் பாதுகாப்பு ஆள் இதைப் பார்த்துவிட்டு "கன்ஃபியூஸ்ட் டெபுட்டி" என்று எழுதித் திருப்பி அனுப்பியிருக்கிறார். பக்கெட் பொதுவில் திறந்தும் இல்லை, ஏடபிள்யூஎஸ்ஸின் சொந்தச் சேவையைத் தவிர வேறு எவருக்கும் அனுமதியும் இல்லை. பிறகு வெளியாள் எப்படி உள்ளே வருவான்? ஆராவது விளங்கப்படுத்துங்கோ.

வடமராட்சி அண்ணன்:
தம்பி, அந்தச் சேவைப் பெயர் உலகத்தில் உள்ள எல்லாக் கணக்குகளுக்கும் பொதுவானது. யாரோ ஒருவன் தன் கணக்கில் ஒரு ட்ரெயில் உருவாக்கி, பதிவு போடும் இடமாக உமது பக்கெட்டின் பெயரைக் கொடுத்தால், எழுத வருவது கிளவுட்ரெயில்தான், உமது பொலிசியும் பெயரைப் பார்த்துவிட்டு விட்டுவிடும். கொரியர்காரன் வந்தால் கேற்றைத் திற என்று மட்டும் சொல்லி வைத்தால், ஆர் அனுப்பிய பார்சலும் வீட்டுக்குள் வந்துவிடும் அல்லவா, அப்படித்தான். உரிமை உள்ள ஒன்றை உரிமை இல்லாதவன் தனக்காகச் செய்ய வைக்கும் இந்தக் "கன்ஃபியூஸ்ட் டெபுட்டி", கிளவுட் வருவதற்கு முன்பே தெரிந்த சிக்கல். நோர்ம் ஹார்டி 1988இல் இதே பெயரில் எழுதிய கட்டுரையில், நிரலைக் கணினி மொழிக்கு மாற்றும் கம்பைலருக்குத் தன் கோப்பகத்தில் எழுதும் உரிமை இருந்தது, பயனர் ஒருவர் டிபக் வெளியீட்டுக்கான கோப்பு என்று பில்லிங் கோப்பின் பெயரைக் கொடுக்க, கம்பைலர் அதன் மேலேயே எழுதி பில்லிங் விவரத்தை அழித்துவிட்டது. பயனருக்கு அந்த உரிமை இல்லை, கம்பைலருக்கு இருந்தது.

உமது பொலிசியில், கோரிக்கை எதிலிருந்து வருகிறது என்று பார்க்கும் சோர்ஸ் ஏஆர்என் கண்டிஷனைச் (ஏஆர்என் என்பது ஏடபிள்யூஎஸ்ஸில் உள்ள ஒவ்வொன்றின் தனி அடையாளப் பெயர்) சேர்த்து, உமது ட்ரெயிலின் முழு ஏஆர்என்னையும் எழுதும். ரிசோர்ஸில் வெறும் நட்சத்திரம் வேண்டாம், உமது கணக்கு எண் உள்ள பாதையோடு நிறுத்தும். மாற்றிய பிறகு ட்ரெயிலின் ஸ்டேட்டஸில் டெலிவரி பிழை வருகிறதா என்று கட்டாயம் பாரும், ஓர் எழுத்துப் பிழைத்தாலும் பதிவுகள் நின்றுவிடும்.

திருநெல்வேலி டெவ்:
விபிசி எண்ட்பொயின்ட் (எங்கள் தனி நெட்வொர்க்கின் வாசல்) வழியாக மட்டும் வரலாம் என்று பூட்டினால் சரிதானே?

நல்லூர் அக்கா:
இல்லை. கிளவுட்ரெயில் எங்கள் விபிசி வழியாக வருவதில்லை, அப்படிப் பூட்டினால் எங்கள் பதிவுகளும் சேர்ந்து நின்றுவிடும்.

அண்ணன் சொன்னதோடு இன்னொன்று. எஸ்3 இலிருந்து லாம்டாவை (நிகழ்வு வந்தால் ஓடும் ஃபங்ஷனை) கூப்பிட அனுமதி கொடுக்கும்போது சோர்ஸ் ஏஆர்என் மட்டும் போதாது, ஏனென்றால் எஸ்3 பக்கெட்டின் ஏஆர்என்னில் கணக்கு எண்ணே கிடையாது. நீங்கள் பக்கெட்டை அழித்தபின் வேறொருவர் அதே பெயரில் தன் கணக்கில் உருவாக்கினால், அவருடைய நிகழ்வுகள் உங்கள் ஃபங்ஷனைக் கூப்பிடலாம். அதனால் கணக்கு எண்ணைப் பார்க்கும் சோர்ஸ் அக்கவுண்ட் கண்டிஷனையும் சேர்த்தே போட வேண்டும். பலர் இதை விட்டுவிடுகிறார்கள், எனக்கு மிகவும் கவலை தரும் இடம் இதுதான்.

கொக்குவிலான்:
இப்ப நல்லா விளங்குது, நன்றி. அப்புறம் ஒன்று: கண்காணிப்புக்கு எடுத்த வெளி நிறுவனம் கணக்கைப் பார்க்க ஒரு ரோல் (எடுத்துப் பயன்படுத்தும் அனுமதித் தொகுப்பு) கேட்கிறது, கூடவே ரோலை எடுக்கும்போது காட்டும் ஒரு எக்ஸ்டர்னல் ஐடியும் தந்திருக்கிறது. அதைப் பாஸ்வேர்ட் மாதிரி மறைத்து வைக்க வேண்டுமா?

நல்லூர் அக்கா:
தேவையில்லை தம்பி, ஏடபிள்யூஎஸ்ஸே அதை ரகசியமாகக் கருதுவதில்லை. ஆனால் அதை அந்த நிறுவனம்தான் ஒவ்வொரு வாடிக்கையாளருக்கும் வேறு வேறாக உருவாக்கித் தர வேண்டும், வாடிக்கையாளர் விரும்பியதைப் போட விடக்கூடாது. விட்டால் அவர்களின் இன்னொரு வாடிக்கையாளர் உமது ரோலின் ஏஆர்என்னையும் ஐடியையும் தன்னுடையவை என்று பதிந்து, உமது கணக்கின் விவரங்களைத் தன் டாஷ்போர்டில் பார்க்க முடியும். ரோலை ஆர் எடுக்கலாம் என்று சொல்லும் ட்ரஸ்ட் பொலிசியில் அந்த ஐடியைக் கண்டிஷனாகப் போட்ட பிறகு, அது இல்லாமல் ரோலை எடுக்க முயன்றால் மறுக்கப்படுகிறதா என்று அவர்களையே சோதித்துக் காட்டச் சொல்லும்.