புதுப்பிப்பு: மச்சானின் சீனியாரிட்டி வழக்கு

சென்னையில் எஸ்.ஐ.யாக இருக்கும் என் மச்சானை, அவருக்குப் பிறகு வேலைக்கு வந்தவர்களுக்குக் கீழே சீனியாரிட்டி (பணிமூப்பு) பட்டியலில் வைத்துவிட்டார்கள், என்ன செய்யலாம் என்று முன்பு கேட்டிருந்தேன். பலரும் ரிட், அதாவது அரசின் முடிவை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் போடும் மனு, போடச் சொன்னீர்கள். போட்டாயிற்று. தமிழ்நாட்டில் அரசு ஊழியர்களின் பணி வழக்குகளுக்கென்று தனித் தீர்ப்பாயம் இப்போது இல்லாததால் நேராக உயர் நீதிமன்றம்தான்.

வக்கீல் முதலில் கேட்டது, பட்டியலை எதிர்த்து மச்சான் துறைக்குக் கொடுத்த ஆட்சேபணை மனுவின் நகலை. 'பெறப்பட்டது' முத்திரையோடு மச்சான் பத்திரமாக வைத்திருந்தார், போலீஸ் புத்தி! தாமதித்தால் வழக்கே அடிபடும். பதவி உயர்வை எதிர்ப்பவர் ஆறு மாதம், மிஞ்சினால் ஒரு வருடத்துக்குள் வர வேண்டும் என்று சதாசிவசாமி வழக்கில் உச்ச நீதிமன்றம் 1974-லேயே சொல்லிவிட்டது.

எங்களுக்குப் பிடிமானம் மணிப்பூர் காவல் அதிகாரிகள் பற்றிய உச்ச நீதிமன்றத்தின் 2019 தீர்ப்பு. பணியிடம் காலியான வருடத்தை வைத்து சீனியாரிட்டி கேட்க முடியாது, பணியில் நியமிக்கப்பட்ட பிறகுதான் என்றது அது. ஆனால் 2022-ல் அந்தக் கேள்வியைப் அதிக நீதிபதிகள் கொண்ட பெரிய அமர்வுக்கு அனுப்பினார்கள். அதனால் அதை மட்டும் நம்ப முடியாது, எங்கள் பணி விதிகளையும் காட்டியிருக்கிறோம்.

சங்கடம் வேறு இடத்தில். பட்டியலில் மேலே போனவர்களையும் எதிர்மனுதாரர்களாகச் சேர்த்தே ஆக வேண்டுமாம். "நாளைக்கு பந்தோபஸ்துல அவன் பக்கத்துலதான் நிக்கணும் மாமா" என்று மச்சான் இழுத்தார். அப்புறம் கையெழுத்துப் போட்டார்.

இடைக்காலத் தடை கிடைக்கவில்லை. இனி தரும் பதவி உயர்வு வழக்கின் முடிவுக்குக் கட்டுப்பட்டது என்று மட்டும் உத்தரவு. அரசுத் தரப்பு பதில் மனுவுக்கு அவகாசம் வாங்கியிருக்கிறது.