பத்திரத்தில் விலையைக் குறைத்தது ஊர், நஷ்டம் எனக்கா?

வரப்போரம்:
எங்கள் குடும்ப நிலத்தில் ஒரு துண்டு சாலைக்குப் போகிறது. சாலை வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. ஆனால் பத்திரப்பதிவுக்கு அரசு குறித்துவைக்கிற வழிகாட்டி மதிப்பையும் அக்கம்பக்கத்தில் கடந்த 3 ஆண்டுகளில் பதிவான கிரயப் பத்திரங்களையும் வைத்து ஒரு தொகை சொல்கிறார்கள். அதைக் கொண்டு அதே ஊரில் அதே அளவு நிலம் வாங்கவே முடியாது. எடுத்துக்கொள்கிற அரசுக்கு அந்தப் பொறுப்பு கிடையாதா?

கணக்குப்பிள்ளை:
பழைய 1894 நிலமெடுப்புச் சட்டத்தில் ஆறுதல் தொகை, அதாவது நில மதிப்புக்கு மேல் சேர்த்துத் தருவது, கடைசியில்கூட 30%தான். அதற்குப் பதிலாக வந்த 2013 சட்டத்தில் 100%. அந்த 100% சேர்க்கும் முன்பே கிராமப்புற நிலத்தின் மதிப்பை 2 மடங்கு வரை பெருக்க இடமிருக்கிறது. வழிகாட்டி மதிப்பு ஒரு பக்கம், பத்திரங்களில் அதிக விலைக்குப் போன பாதியின் சராசரி ஒரு பக்கம். எது கூடுதலோ அதைத்தான் எடுக்கவேண்டும். இத்தனைக்குப் பிறகும் குறைகிறது என்றால் யார் காரணம்? முத்திரைத்தாள் செலவை மிச்சம் பிடிக்க 20 லட்சத்துக்கு வாங்கியதை 6 லட்சம் என்று பதிந்தது ஊர்க்காரர்கள்தானே? மீதியெல்லாம் ரொக்கம். பதிவு செய்ய ஒரு விலை, இழப்பீடு கேட்க ஒரு விலையா?

வரப்போரம்:
கேள்வி சரி, ஆள்தான் தப்பு. எங்கள் நிலம் தாத்தா காலத்திலிருந்து கைமாறவே இல்லை. பக்கத்து நிலத்துக்காரர் ஏமாற்றியதற்கு எனக்கு ஏன் அபராதம்? வழிகாட்டி மதிப்பை எடுத்துக்கொண்டாலும், அதை எழுதுவது அரசு. 2017 ஜூனில் தமிழ்நாடு முழுக்க ஒரே வீச்சில் 33% குறைத்தார்கள். அன்று காலையில் நிலமெல்லாம் மூன்றில் ஒரு பங்கு மலிந்துபோனதா என்ன?

வாய்தா:
இருவரும் விலையிலேயே நிற்கிறீர்கள். பணம் எப்போது வரும் என்பதையும் பாருங்கள். இமாச்சலப் பிரதேசத்தில் 1967-68ல் சாலைக்காக ஒரு பெண்ணின் நிலத்தை எடுத்தார்கள், காசே தரவில்லை. அவர் வழக்குப் போட்டபோது மாநில அரசு என்ன சொன்னது தெரியுமா? இத்தனை வருடம் எங்கள் அனுபவத்தில் இருக்கிறது, அனுபவ பாத்தியதை எங்களுக்கே என்றது! உச்ச நீதிமன்றம் அதைத் தள்ளி இழப்பீடு தரச் சொன்னது 2020 ஜனவரியில். அப்போது அந்த அம்மாவுக்கு 80 வயது. சொத்துரிமை 1978க்குப் பிறகு அடிப்படை உரிமையாக இல்லை, ஆனாலும் சட்டப்படி அல்லாமல் பறிக்கக்கூடாது என்று அரசியலமைப்பின் 300ஏ பிரிவு சொல்கிறது.

கணக்குப்பிள்ளை:
அந்த வழக்கு அசிங்கம், அதற்கு நான் வாதாட வரவில்லை. ஆனால் சந்தை விலை என்கிறீர்களே, எந்தச் சந்தை? சாலை வருகிறது என்று தெரிந்த மறுநாள் தரகர் சொல்கிற விலையா? அந்த ஏற்றமே பொதுப்பணத்தில் வந்தது. அதை மறுபடி பொதுப்பணத்திலேயே வாங்குவேன் என்றால் எப்படி?

வரப்போரம்:
ஏற்றம் எனக்கு வந்தால்தானே! வரப்புக்கு அந்தப் பக்கம் இருப்பவர் ஒரு சென்ட்டும் இழக்கவில்லை, அவர் நிலத்துக்கு இப்போது சாலையோர விலை. நான் பழைய விலையை வாங்கிக்கொண்டு புது விலையில் நிலம் தேடவேண்டும். உங்கள் கணக்கில் இந்த ஆளுக்கு இடம் எங்கே?

கணக்குப்பிள்ளை:
அந்த 100% ஆறுதல் தொகை அதற்காகத்தான் என்று சொல்ல நினைத்தேன். அது எல்லா இடத்திலும் போதாது, ஒப்புக்கொள்கிறேன். அப்படியானால் அந்தப் பக்கத்துக்காரரிடம் ஏற்றத்துக்கு வரி வாங்கி உங்களுக்குத் தரலாம். அதற்கு ஊர் சம்மதிக்குமா?

வாய்தா:
சண்டை இருக்கட்டும். வரப்போரம், நோட்டீஸ் எந்தச் சட்டத்தின் கீழ் வந்திருக்கிறது? 2013 சட்டம் என்றால் பணத்தை வாங்கும்போதே 'ஆட்சேபணையுடன் பெறுகிறேன்' என்று எழுதிக் கொடுங்கள். சும்மா வாங்கிவிட்டால் கூடுதல் கேட்கும் வழி அடைபட்டுவிடும். இழப்பீட்டை முடிவுசெய்யும் உத்தரவான அவார்டை அறிவிக்கும்போது நீங்கள் அங்கே இருந்தால் 6 வாரத்துக்குள் கலெக்டரிடம் மனு போகவேண்டும்.

வரப்போரம்:
1956 தேசிய நெடுஞ்சாலைச் சட்டம் என்று போட்டிருக்கிறது.

வாய்தா:
அப்போது வழி வேறு. 2015 முதல் அதற்கும் இழப்பீட்டுக் கணக்கு 2013 சட்டப்படிதான். ஆனால் தொகையில் தகராறு என்றால் மத்தியஸ்தரிடம் போகவேண்டும். அவரை நியமிப்பது மத்திய அரசு.

வரப்போரம்:
அதையும் அவர்களேவா? சரி, மனு எழுத ஆரம்பிக்கிறேன்.