சுவரில் ரத்தம்: கறையின் வடிவத்தை எவ்வளவு நம்பலாம்?

தல்லாகுளம் வக்கீல்:
நேற்று ஒரு தொலைக்காட்சித் தொடரில், சுவரிலிருந்த ரத்தத் துளிகளைப் பார்த்ததுமே "கொலையாளி இடக்கைக்காரன்" என்று முடித்துவிட்டார்கள். அமெரிக்க தேசிய அறிவியல் அகாடமியின் 2009 அறிக்கையோ, ரத்தக்கறை வடிவத்தை ஆராயும் நிபுணர்களின் கருத்துகளில் அறிவியலைவிடச் சொந்த அனுமானமே மிகுதி என்கிறது.

தடயவியல் மாணவி:
தொடரை விடுங்கள் அண்ணா. செங்குத்தாக விழுந்த துளி வட்டமாக இருக்கும்; சாய்ந்து மோதியது முட்டை வடிவில் நீளும். அகலத்தை நீளத்தால் வகுத்தால் மோதிய கோணத்தின் சைன் மதிப்பு. அகலம் 5 மி.மீ., நீளம் 10 மி.மீ. என்றால் 30 டிகிரி. இதில் அனுமானம் எங்கே?

தல்லாகுளம் வக்கீல்:
கண்ணாடியில் சரி. பொரிந்த சுண்ணாம்புச் சுவரில் ஓரமெல்லாம் பிசிறடிக்குமே! துளி எங்கே முடிந்து வால் எங்கே தொடங்குகிறது என்பதை அளப்பவரின் கண்தானே தீர்மானிக்கிறது?

திருமங்கலம் கறிக்கடை:
30 வருடமாக ஆடு அறுக்கிறேன். கழுத்து நரம்பு அறுபட்டதும் ரத்தம் விட்டுவிட்டுப் பீறிடும். சுவரில் அலை போல ஏறி இறங்கிப் படியும். வெட்டிய கத்தியை ஓங்கினால் கூரையில் வரிசையாகத் துளிகள். இதுவரை தங்கை சொல்வது சரி. ஆனால் ஈக்களை மறந்துவிட்டீர்கள். ரத்தத்தில் மொய்த்துவிட்டு, ஆடே நுழையாத பக்கத்து அறைச் சுவரில் பொடிப்பொடியாகப் புள்ளி வைத்துவிடும்.

தடயவியல் மாணவி:
அருமையாகச் சொன்னீர்கள். ஈப் புள்ளிகளின் வால்கள் திசைக்கொன்றாகத் திரும்பியிருக்கும். அடிபட்டுத் தெறித்தவை ஓரிடத்தை நோக்கும். இருமும்போது வாயிலிருந்து தெறிக்கும் ரத்தம்தான் எங்களையும் ஏமாற்றும். அடியில் தெறித்தது போலவே நுண்துளிகள்.

தல்லாகுளம் வக்கீல்:
அங்கேதான் வருகிறேன். குத்துப்பட்ட அப்பாவை மகன் தூக்குகிறான். அவர் இருமுகிறார். மகன் சட்டையில் நுண்துளிகள். குற்றவாளி யார்?

தடயவியல் மாணவி:
காற்றுக் குமிழித் தடம் தேடலாம், எச்சில் சோதனை செய்யலாம்.

தல்லாகுளம் வக்கீல்:
ஈரச் சட்டையை மடித்துப் பொட்டலம் கட்டிவிட்டால்?

திருமங்கலம் கறிக்கடை:
என் கைலியை ஈரத்தோடு மடித்தால் வலப்பக்கக் கறை இடப்பக்கத்திலும் இருக்கும்!

தடயவியல் மாணவி:
அது கட்டியவரின் தவறு, கணக்கின் தவறல்ல. ஏழு ஆண்டோ அதற்கு மேலோ தண்டனைக்குரிய குற்றமென்றால் தடயவியல் நிபுணரே சம்பவ இடத்துக்கு வர வேண்டும் என்று புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டம் (பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா), பிரிவு 176(3), சொல்கிறதே.

தல்லாகுளம் வக்கீல்:
அதை நடைமுறைப்படுத்த மாநிலங்களுக்கு ஐந்து ஆண்டு அவகாசமும் அதே பிரிவில்தான் இருக்கிறது, தங்கையே.