இந்தியாவை பிளாக் செய்தும் உறவினர் கண்ணில் பட்டது எப்படி?

லண்டன்தோழி:
வயது 29, லண்டனில் இருக்கிறேன். ஒன்லிஃபேன்ஸில் (பெரும்பாலும் பாலியல் படங்களைச் சந்தா கட்டிப் பார்க்கும் தளம்) பக்கம் தொடங்கிச் சில மாதங்கள் ஆகின்றன. முகம் காட்டுவதில்லை. இந்தியா, இலங்கை இரண்டையும் முதல் நாளே பிளாக் செய்துவிட்டேன். ஆனால் நேற்று கோவையிலிருந்து அத்தை மகன் “இது நீதானே?” என்று ஸ்கிரீன்ஷாட் அனுப்புகிறான். ஓட்டை எங்கே? அப்புறம், அடுத்த மாதம் வேலையை விட்டுவிட்டு இதில் முழுநேரமாக இறங்கலாமா?

பழையகை:
ஸ்கிரீன்ஷாட்டில் இருப்பது சந்தாப் பக்கமா, விளம்பரத்துக்கு ரீல்ஸ் போடும் கணக்கா?

லண்டன்தோழி:
ரீல்ஸ் கணக்குதான். அதிலும் கழுத்துக்குக் கீழேதான் தெரியும்.

பழையகை:
அப்படியானால் அந்த பிளாக்குக்கும் இதற்கும் சம்பந்தமே இல்லை, அது சந்தாப் பக்கத்துக்கு மட்டும்தான். ரீல்ஸ் கணக்கை உங்கள் சொந்த எண்ணில் திறந்திருப்பீர்கள். அவன் போனில் அந்த எண் இருக்கும். காண்டாக்ட்ஸைப் பார்க்க ஆப்புக்கு அவன் அனுமதி கொடுத்திருந்தால், ‘தெரிந்தவராக இருக்கலாம்’ என்று உங்களையே கொண்டுபோய் நிறுத்தும். தனி சிம், தனி மின்னஞ்சல், முடிந்தால் தனி போன். காண்டாக்ட்ஸ் சிங்க்கை அணைத்துவிடுங்கள். பழைய கணக்கில் எண்ணை மட்டும் மாற்றுவதை நான் நம்ப மாட்டேன். ஃபாலோயர்கள் போவது வயிற்றெரிச்சல்தான், இருந்தாலும் புதிதாகத் தொடங்குங்கள்.

விபிஎன் (வேறு நாட்டில் இருப்பதுபோலக் காட்டும் ஆப்) வைத்திருப்பவனை நாட்டு பிளாக் நிறுத்தாது. சந்தா கட்டிய ஒருவன் வீடியோவை எடுத்து டெலிகிராமில் போட்டாலும் அப்படித்தான். தளம் பதிக்கும் வாட்டர்மார்க்கில் உங்கள் பக்கத்தின் பெயர்தான் இருக்கும், திருடியவன் பெயர் இருக்காது. காப்புரிமை உங்களுடையது என்பதால் டிஎம்சிஏ (அமெரிக்கக் காப்புரிமைச் சட்டம்) நோட்டீஸ் அனுப்பி நீக்க வைக்கலாம். ஆனால் ஒன்று போனால் இன்னொன்று முளைக்கும். வீட்டுக்குத் தெரிந்தால் தாங்குவீர்களா என்று யோசித்துவிட்டு வேலையை விடுங்கள்.

கணக்குப்பிள்ளை:
என்னைக் கேட்டால் இப்போதைக்கு விடவே வேண்டாம். வருவதில் 20% தளத்துக்கு, மிச்சத்துக்கு வரி. வரியாண்டு ஏப்ரல் 5இல் முடிகிறது. வரவு 1,000 பவுண்டைத் தாண்டியிருந்தால் அடுத்து வரும் அக்டோபர் 5க்குள் எச்எம்ஆர்சியில் (பிரிட்டன் வரித்துறை) பதிய வேண்டும். மாணவர் விசாவா? அதில் சுயதொழிலே கூடாது. இன்னொன்று, 2021 ஆகஸ்டில் இதே தளம் வங்கிகளைக் காரணம் காட்டி, அக்டோபர் முதல் வெளிப்படையான பாலியல் காட்சிகளுக்குத் தடை என்று அறிவித்தது. ஒரு வாரத்துக்குள் பின்வாங்கியது, சரி. ஆனால் இதை மட்டுமே நம்பி வாடகை கட்டியவர்களுக்கு அந்த வாரம் எப்படிப் போயிருக்கும்?

லண்டன்தோழி:
குடியுரிமை இருக்கிறது, விசா சிக்கல் இல்லை. இப்போது அவன் பணம் கேட்கிறான், இல்லாவிட்டால் அப்பாவிடம் சொல்வானாம்.

பழையகை:
ஒரு பைசா அனுப்பாதீர்கள், கொடுத்தால் மறுபடியும் கேட்பான். ‘ஆமாம், நான்தான்’ என்றும் எழுதாதீர்கள், ‘இல்லை’ என்றும் எழுதாதீர்கள். அவன் செய்திகளை அழிக்காமல், எண்ணும் நேரமும் தெரியும்படி ஸ்கிரீன்ஷாட் எடுத்து வையுங்கள். பணம் கேட்டு மிரட்டுவது இங்கேயும் குற்றம், இந்தியாவிலும் குற்றம். அப்பாவிடம் நீங்களே முதலில் சொல்ல வழி இருக்கிறதா?