‘என்ஜாய் எஞ்சாமி’ பற்றி யாரோ சொன்ன ஒரு வார்த்தை இன்னும் உறுத்துகிறதா? இங்கே எழுதுங்கள்

பென்னாகரத்தான்:

முதலில் என்னுடையதைச் சொல்லிவிடுகிறேன். 2021 ஆகஸ்ட். பெங்களூரில் வேலை போய் ஊரில் இருந்தேன். ரோலிங் ஸ்டோன் இந்தியா இசைப் பத்திரிகையின் அட்டையில், ‘என்ஜாய் எஞ்சாமி’யை அறிவோடு சேர்ந்து பாடிய பாடகி தீயும் ‘நீயே ஒளி’ பாடிய ராப் பாடகர் ஷான் வின்சென்ட் டி பாலும் இருக்க, அந்த இரண்டு பாட்டையும் எழுதிய அறிவு இல்லை என்பதுதான் அன்று போன் முழுக்க. இயக்குநர் பா. ரஞ்சித் அதைக் கேட்டு எழுதியது, அதற்கு வந்த பதில்கள், எல்லாம் உங்களுக்குத் தெரியும். அட்டைப் படத்தைத் திரையில் வைத்துக்கொண்டே பின்னால் பாட்டை ஓடவிட்டிருந்தேன்.

ஆயா வாசலில் கடலைக்காய் உரித்துக்கொண்டிருந்தாள். எங்கள் பக்கத்தில் சாவு விழுந்தால் ஒப்பாரிக்கு முதலில் அவளுக்குத்தான் ஆள் வரும். பாட்டில் தோட்டம் செழித்தும் தொண்டை நனையாத அந்த இடம் வந்ததும் அவள் கை நின்றது.

“யாருடா செத்தது?”

“யாரும் சாகல ஆயா, இது பாட்டு.”

“செத்தவங்க பேரச் சொல்லாம எப்பிடிடா அழுவாங்க?”

பேர் இருக்கிறது, வள்ளியம்மா என்று ஒரு பாட்டி, இலங்கைத் தேயிலைத் தோட்டத்தில் வேலை செய்தவர், பாடுகிறவரின் பாட்டி அவர் என்றேன். “அப்ப பேரன் பாடறான். அவன் மூஞ்சிய காட்டு” என்றாள். நான் யோசிக்காமல் போனைத் திருப்பிக் காட்டினேன். திரையில் இருந்தது அந்த அட்டை. உள்ளங்கையில் ஒட்டியிருந்த தோலை ஊதிவிட்டு, கண்ணுக்குக் கிட்டே வாங்கிப் பார்த்தாள். “இதுல எவன்?”

“இதுல இல்ல ஆயா.”

ஒன்றும் சொல்லாமல் போனைத் திருப்பிக் கொடுத்துவிட்டு மறுபடி உரிக்க ஆரம்பித்துவிட்டாள். வீடியோவைத் திறந்து அறிவின் முகத்தைக் காட்ட எனக்கு அரை நிமிஷம் ஆகியிருக்குமா? அந்தப் பத்திரிகையே சில நாளில் அறிவை வைத்து இணையத்துக்கு ஓர் அட்டை போட்டது. நான் அதையும் ஆயாவிடம் காட்டவில்லை. அடுத்த வருஷம் தை மாதம் அவள் போய்விட்டாள். அவளுக்கு ஒப்பாரி வைக்க ஊரில் ஆள் இல்லை.

ஊத்தங்கரை டீச்சர்:

படித்துவிட்டு எழுதாமல் இருக்க முடியவில்லை. எங்கள் பக்கம் அணை ஓரத்தில் இருக்கும் இலங்கைத் தமிழர் முகாமில் சாயங்காலம் பிள்ளைகளுக்குப் பாடம் எடுத்துக்கொண்டிருந்தேன். நீங்கள் சொல்லும் அதே ஆகஸ்டில்தான் அகதிகள் முகாம் என்பதை இனி மறுவாழ்வு முகாம் என்று அழைப்போம் என முதலமைச்சர் சட்டமன்றத்தில் அறிவித்தார். பிள்ளைகளுக்கு இரண்டும் ஒரே வாரத்துச் செய்தி மாதிரி. இங்கே பேர் மாறுகிறது, அங்கே ஒருவர் பேர் விட்டுப்போகிறது என்று ஒன்பதாவது படிக்கும் பெண் தானாகவே சொன்னாள்.

ஆனால் எனக்கு நிற்பது அவள் பாட்டி சொன்னது. இலங்கைத் தேயிலைத் தோட்டத்து லயத்தில், அதாவது கூலிகளின் வரிசை வீட்டில் பிறந்தவர், இங்கே வந்து முப்பது வருஷத்துக்கு மேல். அவருக்குப் பாட்டைப் போட்டுக் காட்டினோம். மரம் வளர்த்தேன் என்று வரும் இடத்தில் சிரித்துவிட்டார். “டீச்சர், தேயிலையும் மரந்தான். சும்மா விட்டா ஓங்கி வளந்துரும். கவ்வாத்து வெட்டி வெட்டித்தான் இடுப்பு ஒசரத்துல நிறுத்தி வச்சிருக்கு, கொழுந்து கிள்ள வசதியா. எங்களையும் அப்படித்தான் வச்சிருந்தாங்க.” சொல்லும்போது வலது கைக் கட்டைவிரலும் ஆள்காட்டிவிரலும் காற்றில் கிள்ளிக்கொண்டே இருந்தன. அவர் அதைக் கவனிக்கவே இல்லை.

அந்தப் பாட்டுக்கு வந்த விமர்சனங்களில் என் கையில் கிடைத்ததை எல்லாம் படித்தேன். நிலம், வேர், மூதாதையர், இயற்கை என்று அழகாக எழுதியிருந்தார்கள். நான் படித்தவற்றில் கூலி என்ற சொல் மிகக் குறைவு. அது எனக்கு அட்டைப் படத்தைவிடப் பெரிய குறையாகப் பட்டது. 1964 சாஸ்திரி–சிறிமாவோ ஒப்பந்தத்தில் தோட்டத் தமிழர்கள் லட்சக்கணக்கான பேரை ‘உனக்கு இத்தனை, எனக்கு இத்தனை’ என்று இந்திய, இலங்கை அரசுகள் பங்கு போட்டதை ஒரு வரியாவது சொல்லாமல் வள்ளியம்மாவின் பாட்டுக்கு எப்படி விமர்சனம் எழுத முடியும்?

ஓசூர் மிக்ஸிங்:

பென்னாகரத்தாருக்கு ஒரு திருத்தம். ‘நீயே ஒளி’ முழுவதும் அறிவு எழுதியதில்லை. ஷான் பாடும் ஆங்கிலப் பகுதி அவருடையது. இதைச் சொன்னால் உடனே அந்தப் பக்கத்து ஆள் என்று முத்திரை குத்துகிறார்கள், அதனால்தான் சொல்கிறேன். அறிவை விட்டது தப்பு. அதற்காக மற்றவர்கள் வேலையே செய்யாத மாதிரி பேசுவதும் தப்பு. ‘என்ஜாய் எஞ்சாமி’யில் இசையமைப்பாளர் சந்தோஷ் நாராயணன் தாளத்தை அடுக்கியிருக்கும் விதத்தை ஹெட்போனில் ஒரு முறை கேளுங்கள். தீயின் குரல் வரும்போது அடியில் எவ்வளவு இடம் விட்டிருக்கிறார் என்று தெரியும்.

என் கதை சின்னது. 2022இல் சிப்காட்டில் ஷிப்ட் முடித்து வந்து நானும் இன்னொரு பையனும் ஒரு பாட்டு செய்தோம். பீட் என்னுடையது, வரியும் குரலும் அவனுடையது. ஏற்றும்போது தலைப்பில் என் பேர் மட்டும் இருந்தது, அவன் பேர் கீழே விவரத்தில். அவன் அம்மா போனைப் பிடித்துக்கொண்டு “எங்கப்பா எம்புள்ள பேரு?” என்று கேட்டார். அவன் ‘மேலும் காட்டு’ என்பதை அழுத்தி, விரலால் தள்ளித் தள்ளி, நாலாவது தள்ளலில் காட்டினான். எனக்கு அங்கே நிற்க முடியவில்லை.

இனி பாட்டு செய்கிறவர்கள் இதைக் கவனியுங்கள். ஒரு பாட்டில் உரிமை ஒன்று இல்லை. வரிக்கு ஒன்று, இசையமைப்புக்கு ஒன்று, பதிவான ஒலிக்கு ஒன்று, மூன்றும் தனித்தனி. ராப்பில் இதுதான் பெரிய சிக்கல். ராப் பாடுகிறவன் வரியோடு சேர்த்து அதன் ஓட்டத்தையும் ஏற்ற இறக்கத்தையும் தானே கொண்டுவருகிறான். அது மெட்டா, வெறும் வரியா? 2022 ஆகஸ்டில் நடந்ததே இதுதானே. எழுதியது, மெட்டு, பாடியது எல்லாம் நான், எனக்கு யாரும் மெட்டு தரவில்லை என்று அறிவு எழுதினார். தீயின் பகுதிக்கு நானும் தீயும் மெட்டமைத்தோம், அறிவின் பகுதியை அவரோடு உட்கார்ந்து செய்தோம், வருமானமும் உரிமையும் மூவருக்கும் சமம் என்று சந்தோஷ் நாராயணன் எழுதினார். இரண்டு அறிக்கையையும் பக்கத்தில் வைத்துப் படியுங்கள். யார் பொய் சொன்னது என்று தேடாதீர்கள். ‘மெட்டமைப்பது’ என்ற சொல்லுக்கு இரண்டு பேரும் வேறு வேறு அர்த்தம் வைத்திருக்கிறார்கள்.

அதனால் பதிவு முடிந்த அன்று ராத்திரியே ஒரு தாளில் எழுதிவிடுங்கள். யார் யார், எதற்கு எத்தனை சதவீதம், தலைப்பில் எந்தப் பேர் எந்த வரிசையில். எல்லாரும் கையெழுத்துப் போடுங்கள். பாட்டு ஓடின பிறகு இதைப் பேசவே முடியாது. அப்புறம் பாட்டுக்கான ராயல்டியை வசூலித்துக் கொடுக்கும் சங்கமான ஐ.பி.ஆர்.எஸ்ஸில் உறுப்பினராகுங்கள், வரி எழுதுகிறவரும் தனியாக ஆக வேண்டும். 2012 திருத்தச் சட்டத்துக்குப் பிறகு பாடலாசிரியரும் இசையமைப்பாளரும் தங்கள் ராயல்டி பங்கை வாரிசுக்கோ இந்த மாதிரிச் சங்கத்துக்கோ தவிர வேறு யாருக்கும் எழுதிக் கொடுத்துவிட முடியாது, அதைத் தெரிந்துகொள்ளுங்கள். பாட்டை வெளியிடும் லேபிள் நிறுவனத்திடம் போனால் கணக்கு எத்தனை மாதத்துக்கு ஒரு முறை வரும் என்று ஒப்பந்தத்தில் கேளுங்கள். 2024 மார்ச்சில் சந்தோஷ் நாராயணனே வீடியோ போட்டு, அந்தப் பாட்டிலிருந்து எங்கள் யாருக்கும் ஒரு ரூபாய்கூட வரவில்லை என்றார். மூன்று வருஷம் நாம் சண்டை போட்டது யார் பெரியவர் என்று. காசு மூன்று பேருக்குமே வரவில்லையாம். இன்னொன்று, நாட்டுப்புறத்துப் பாட்டை யாரிடமாவது பதிவு செய்தால் அவர் பேர், ஊர், தேதி மூன்றையும் ஃபைலின் பேரிலேயே போடுங்கள். இது நான் கெஞ்சிக் கேட்பது.

காரிமங்கலம் கூத்துக்கார வீடு:

ஓசூர் தம்பி சொல்வதில் பாதிக்கு உடன்படுகிறேன், மீதியில் இல்லை. தாளில் எழுதினால் எல்லாம் சரியாகிவிடும் என்றால், எழுதப் படிக்கத் தெரியாதவர்கள் கட்டின பாட்டுக்கு என்ன கணக்கு? எங்கள் அப்பா பாரதக் கூத்தில் துரியோதனன் வேஷம் கட்டுகிறவர். அவர் பாடுகிற பாட்டில் எது புத்தகத்தில் உள்ளது, எது அவருடைய வாத்தியார் சேர்த்தது என்று அவருக்கே பிரித்துச் சொல்ல முடியாது. ஆனால் ஒவ்வொரு ராத்திரியும் வாத்தியார் பேரைச் சொல்லிக் கும்பிட்டுவிட்டுத்தான் சலங்கை கட்டுவார்.

2022 ஜூலை 28, செஸ் ஒலிம்பியாட் தொடக்க விழா. ஆடி மாசம், எங்களுக்குக் கூத்து இருந்தது. அப்பா பாதி அரிதாரத்தில், ஒரு கன்னம் சிவப்பு, இன்னொரு கன்னம் வெறுமை. பக்கத்து வீட்டு டிவியில் பாட்டு வந்ததும் கண்ணாடியைக் கீழே வைத்துவிட்டு எழுந்து போனார். மேடையில் தீயோடு நாட்டுப்புறப் பாடகி கிடாக்குழி மாரியம்மாள். அறிவு இல்லை. நான் கோபத்தில் கத்த ஆரம்பித்தேன். அப்பா என் தோளைப் பிடித்து அமுக்கினார். “சத்தம் போடாத. அந்தம்மா பாடட்டும்.”

முடிந்ததும் கேட்டார், “மைக்குக்கு ஒரு கை தூரம் தள்ளி நின்னு பாடுது பாத்தியா? மைக் இல்லாத காலத்துல கத்துக்கிட்ட கொரலு. யாரு அது, எந்த ஊரு?” பேரைச் சொன்னேன். அடுத்த ஒரு வாரம் வந்த கட்டுரை, பதிவு எல்லாவற்றையும் தேடினேன். அறிவு ஏன் இல்லை என்பதுதான் எங்கும். அந்தக் கேள்வி நியாயம், நானும் அதைத்தான் கத்தினேன். ஆனால் அந்த அம்மாவின் குரலைப் பற்றி எங்கள் அப்பா வாசற்படியில் நின்று சொன்ன அளவுக்குக்கூட எழுதினவரை நான் பார்க்கவில்லை. அவரை ஒரு ஆளின் இடத்தில் வந்து நின்றவராகத்தான் எழுதினார்கள். விமர்சகர்கள்மேல் எனக்கு இன்னும் தீராத வருத்தம் அதுதான்.

பாலக்கோடு:

நீளமாக எழுத வராது. எங்கள் பக்கத்து ஊர் ஒன்றில் திருவிழா ஆர்கெஸ்ட்ரா. எந்த ஊர் என்று சொல்லப்போவதில்லை. நான் கீபோர்டு. காலனிப் பையன்கள் சீட்டில் இந்தப் பாட்டை எழுதி அனுப்பினார்கள். நோட்டுப் புத்தகத் தாள், நாலாக மடித்தது. கமிட்டியில் ஒருவர் வாங்கிப் படித்துவிட்டு அதே மடிப்பில் மடித்துத் திருப்பிக் கொடுத்தார். “வேற எதாச்சும் கேளுங்கடா.” இரண்டாவது சீட்டு வந்தது, அதிலும் அதே பாட்டு. மூன்றாவதிலும்.

தர்மபுரியில் 2012 நவம்பரில் தலித் காலனிகளை எரித்தது எங்களுக்கு எல்லாருக்கும் ஞாபகம் இருக்கிறது. எங்கள் பாடகர் பயந்துவிட்டார், அவரைக் குறை சொல்ல மாட்டேன். கடைசியில் கமிட்டி, மியூசிக் மட்டும் வாசித்துவிட்டு முடியுங்கள் என்றது. வாசித்தேன். மைக்கில் யாரும் இல்லை. கயிறு கட்டியிருந்த இடத்துக்கு அந்தப் பக்கம் நின்ற பையன்கள் முதல் வரியிலிருந்து கடைசி வரை பாடினார்கள், அந்த ராப் பகுதி உட்பட, ஒரு மூச்சு தப்பாமல். நான் எங்கே வேகம் கூட்டினேனோ அங்கே கூட்டினார்கள். நான் நிறுத்தின பிறகும் இரண்டு வரி பாடினார்கள்.

அதனால், எந்தப் பத்திரிகை அட்டையில் யார் இருந்தார் என்பது பெரிய விஷயமில்லை என்று யாராவது சொன்னால் எனக்குப் பிடிப்பதில்லை. அந்தப் பையன்கள் அந்த அட்டையைப் பார்த்திருந்தார்கள். மூன்றாவது சீட்டில் பாட்டின் பேருக்குக் கீழே ‘பாடியவர்: அறிவு’ என்று எழுதி அடிக்கோடு போட்டிருந்தார்கள்.

ஓசூர் மிக்ஸிங்:

பாலக்கோடு அண்ணா, பெரிய விஷயமில்லை என்று நான் சொல்லவில்லை. காரிமங்கலம் அண்ணன் கேட்டதற்குப் பதில் என்னிடம் இல்லை. யோசிக்கிறேன். அந்தச் சீட்டு உங்களிடம் இருக்கிறதா?

பாலக்கோடு:

இருக்கிறது. கீபோர்டு உறைக்குள்.

ஊத்தங்கரை டீச்சர்:

நியூயார்க் டைம்ஸ் சதுக்க விளம்பரப் பலகையைப் பற்றி யாரும் சொல்லவில்லையே. பிரெஞ்சு டி.ஜே. ஸ்நேக் இந்தப் பாட்டுக்குச் செய்த ரீமிக்ஸுக்கு அங்கேயும் தீயும் அவரும்தான், அறிவு இல்லை. அதைக் காட்டி முகாமில் ஒரு பையன் கேட்டான், “டீச்சர், ரீமிக்ஸ்னா பாதி ஆளை எடுத்துட்டு மீதியை வச்சுக்கிறதா?” அவன் விளையாட்டுக்குக் கேட்கவில்லை. ரீமிக்ஸ் என்றால் என்ன என்று ஒரு வகுப்பு நேரம் முழுவதும் சொல்லிக்கொடுத்தேன். அவனுக்குத் திருப்தி இல்லை.

பென்னாகரத்தான்:

ஓசூர் தம்பி, திருத்தத்துக்கு நன்றி, ‘நீயே ஒளி’ விஷயத்தில் நான் அவசரப்பட்டுவிட்டேன்.

ஃபைல் பேர் பற்றி நீங்கள் எழுதியதைப் படித்ததும் பழைய போனைத் தேடி எடுத்து சார்ஜ் போட்டேன். 2021 தீபாவளிக்கு ஆயாவைப் பாடச் சொல்லிப் பதிவு செய்தது ஒன்று இருக்கிறது, ஏழு நிமிஷம். பேர் வெறும் எண்தான். இப்போது அவள் பேர், ஊர், தேதி போட்டு மாற்றிவிட்டேன். மூன்று தடவை கேட்டேன். நடுவில் நாய் குரைக்கிறது, அம்மா யாரையோ திட்டுகிறாள். நாலாவது நிமிஷத்தில் ஆயா ஒரு பேரைச் சொல்லி அழுகிறாள். “சின்னபாப்பா” என்று கேட்கிறது. அது யார் என்று அம்மாவுக்குத் தெரியவில்லை. காவேரிப்பட்டணத்தில் பெரியம்மா இருக்கிறாள், அவளுக்குத் தெரியலாம். ஞாயிற்றுக்கிழமை பஸ் ஏறுகிறேன்.