குந்தர் கிராஸ்: அறுபது வருடம் மறைத்தவர் பேச்சுக்கு என்ன மதிப்பு?

நெய்தல்வாசி:
ஜெர்மன் எழுத்தாளர் குந்தர் கிராஸின் 'தகர முரசு' நாவலை இரண்டாம் முறை படித்து முடித்தேன். 1959-ல் வந்தது, இன்னும் சூடு ஆறவில்லை. ஆனால் எழுதியவர்மேல் இருந்த மரியாதை எனக்குக் குறைந்துவிட்டது. ஹிட்லரின் நாஜிக் கட்சிக்குச் சொந்தமான வாஃபன் எஸ்எஸ் படையில் 17 வயதில் இருந்ததை 2006 ஆகஸ்டில்தான் ஒரு நாளிதழ்ப் பேட்டியில் கிராஸ் சொன்னார். நோபல் வாங்கி ஏழு வருடம் ஆன பிறகு!

பதினேழு வயதுப் பையனை நான் குறை சொல்லவில்லை. 1985-ஐத்தான் என்னால் ஏற்க முடியவில்லை. அந்த வருடம் மேற்கு ஜெர்மனியின் சான்சலர் கோல், அமெரிக்க அதிபர் ரேகனை பிட்பர்க் ஊரின் ராணுவக் கல்லறைக்கு அழைத்துப் போனார். அங்கே புதைந்தவர்களில் 49 பேர் வாஃபன் எஸ்எஸ். கடுமையாகக் கண்டித்தவர்களில் கிராஸும் ஒருவர். 'அந்தச் சீருடையை நானும் போட்டிருக்கிறேன்' என்று அன்றைக்கு ஒரு வரி சொல்லியிருக்கலாமே?

தாழைமடல்:
நெய்தல் அண்ணா, பிட்பர்க்கைச் சொன்னீர்கள், வார்சாவை விட்டுவிட்டீர்கள். 1970 டிசம்பரில் போலந்தின் தலைநகரான அந்த வார்சாவில், நாஜிகள் யூதர்களை அடைத்துவைத்த யூதச் சேரியின் நினைவிடத்தில் அன்றைய மேற்கு ஜெர்மன் சான்சலர் வில்லி பிராண்ட் மண்டியிட்டாரே, அந்தப் பயணக் குழுவில் கிராஸ் இருந்தார். அன்று கையெழுத்தான ஒப்பந்தம் போலந்தின் மேற்கு எல்லையை ஏற்றுக்கொண்டது. அதாவது, கிராஸ் பிறந்த டான்ஸிக் இனி போலந்தின் கிடான்ஸ்க்தான். சொந்த ஊரைப் பறிகொடுத்த எத்தனையோ ஜெர்மானியர்கள் பிராண்டைத் துரோகி என்று திட்டிக்கொண்டிருந்தபோது, ஊரை இழந்த இந்த மனிதர் அவர் பக்கம் நின்றார். 1965-லும் 1969-லும் ஊர் ஊராகப் போய் அவருக்கு வாக்குக் கேட்டார். வெறும் வாய்ப்பேச்சாக இருந்தால் இவ்வளவு செய்வாரா?

நெய்தல்வாசி:
தம்பி, செய்ததை நான் மறுக்கவே இல்லை. அடுத்தவர்களை 'உன் கடந்த காலத்தைச் சொல்' என்று கேட்டே பேர் வாங்கியவர் அவர். அதனால்தான் எனக்கு இவ்வளவு வலிக்கிறது.

பழையபுத்தகம்:
இடையில் வருகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள். 'தகர முரசில்' வெங்காய நிலவறை என்று ஓர் அத்தியாயம் உண்டு. போருக்குப் பிந்தைய டுசல்டார்ஃபில் ஓர் இரவு விடுதி. சாப்பாடு, பலகாரம் எதுவும் கிடையாது. வருகிறவர்களுக்குப் பன்றி வடிவிலோ மீன் வடிவிலோ ஒரு மரப்பலகை, ஒரு கத்தி, ஒரு வெங்காயம். நறுக்கி நறுக்கி அழுவார்கள். தானாகக் கண்ணீர் வராத ஜனங்கள், காசு கொடுத்து அழுகிறார்கள். உண்மையைச் சொன்ன சுயசரிதைக்கு 2006-ல் அவர் வைத்த பெயர் 'வெங்காயம் உரித்தல்'. முப்பத்தொரு வயதில் அந்த நிலவறையை எழுதியபோது தானும் அங்கே உட்கார்ந்திருப்பதை அவர் அறிந்திருந்தார் என்றே நான் நம்புகிறேன். அவர் மௌனம்தான் அந்த நாவலுக்கு எண்ணெய் ஊற்றியது.

நெய்தல்வாசி:
நாவலாசிரியராக ஒப்புக்கொள்கிறேன் ஐயா. அத்தியாயத்தை இப்படி நான் படிக்கவில்லை. நான் கேட்பது மேடையில் நின்ற கிராஸை. 1990-ல், நாஜிகள் யூதர்களைக் கொன்று குவித்த ஆஷ்விட்ஸ் முகாமைக் காரணம் காட்டி, இரண்டு ஜெர்மனிகளும் ஒரே நாடாகக் கூடாது என்றார். ஒன்றாக வேண்டும் என்று கிழக்கு ஜெர்மன் மக்கள் மார்ச் மாதமே வாக்குச்சீட்டில் பதில் சொல்லிவிட்டார்கள். அந்த வாதத்தை வைக்கும்போதாவது தன் கதையைச் சொல்லியிருக்க வேண்டும்.

தாழைமடல்:
முழுக்க மறைத்தார் என்பதும் சரியில்லை அண்ணா. போர்க்கைதியாகப் பிடிபட்டபோது அமெரிக்கர்களிடம் எஸ்எஸ் என்றே சொல்லியிருக்கிறார். அந்தக் காகிதம் பெர்லின் ஆவணக்காப்பகத்திலேயே இருந்தது, யாரும் எடுத்துப் பார்க்கவில்லை. அதைவிட முக்கியம் கிடான்ஸ்க். அந்த ஊர் கொடுத்த கௌரவக் குடிமகன் பட்டத்தைத் திருப்பிக் கொடு என்று போலந்தின் முன்னாள் அதிபர் வலேசா கேட்டார். கிராஸ் நகர மேயருக்கு விளக்கமாக ஒரு கடிதம் எழுதினார். வலேசா கோரிக்கையைக் கைவிட்டார், பட்டமும் கிராஸிடமே இருந்தது. இரண்டாம் உலகப் போரின் முதல் குண்டுகள் விழுந்த ஊர்களில் ஒன்று அது. கோபப்பட அவர்களுக்கு இல்லாத உரிமையா?

நெய்தல்வாசி:
அந்த ஊரே ஒரு கடிதத்துக்கு மனம் இளகியது என்றால், தம்பி, இத்தனை வருடம் அவர் யாருக்குப் பயந்தார்?